ஏழு அங்கிகளை அணிந்து தீர்த்தவள்

மாக்டெல்ட் செய்த தவறை எங்கள் ஹாலந்துக்காரி ஒருத்தியால் மட்டுமே செய்ய முடியும். பிரெஞ்சுக்காரி செய்திருக்க மாட்டாள். அவர்களுக்குத் துவைக்கும் பழக்கமே இல்லை என்று எங்கள் ஊரில் ஒரு நம்பிக்கை; யாரும் போய்ப் பார்த்ததில்லை. இந்தக் காட்டின் பூர்வகுடியான மாக்வாப் பெண்ணும் செய்திருக்க மாட்டாள். அங்கி என்றால் என்னவென்று அவளுக்குத் தெரியும். நாங்கள்தான் அழுக்கைக் கண்டால் கை சும்மா இருக்காதவர்கள். கடல் தாண்டி, மான்ஹாட்டனுக்கும் வடக்கே, காட்டு ஓரத்தில், ஆற்றங்கரைக் கோட்டைக்குப் பக்கத்தில் பேவர்வைக் என்று ஊர் கட்டி உட்கார்ந்தபோதும், சனிக்கிழமை வந்தால் வீட்டைக் கழுவினோம். வீட்டு வாசலைக் கழுவினோம். வாசலுக்கு முன்னால் தெருவைக் கழுவினோம். தெருவில் படுத்திருக்கும் பன்றி எழுந்து போகச் சோம்பல்பட்டால் அதையும் கழுவினோம்.

மாக்டெல்ட் ஹோர்ன் துறைமுகத்திலிருந்து வந்தவள். வந்தபோது இருபத்திரண்டு வயது. தோல் வியாபாரி வோல்ஃபர்ட் கப்பல் செலவைக் கொடுத்து அவளை வரவழைத்தார். பதிலுக்கு ஆறு வருஷம் அவர் வீட்டில் வேலை. அது முடியும்வரை கல்யாணம் கூடாது என்று ஒப்பந்தத்தில் ஒரு வரி இருந்தது. அந்த வரிக்குக் கீழே அவள் ஒரு குறி போட்டிருந்தாள். எழுதத் தெரியாது. ஆனால் குறி மிகச் சுத்தமாக இருக்கும், மை ஒரு பொட்டுகூடச் சிதறியிருக்காது. நான் பார்த்திருக்கிறேன்.

பத்து வயதிலிருந்து ஊரார் துணி வெளுத்தவள். சாம்பல் கரைத்த காரத்தண்ணீரில் ஊறி ஊறி அவள் விரல்களில் உணர்ச்சி போய்விட்டிருந்தது. கொதிக்கும் பானையைத் துணி இல்லாமல் இறக்கி வைப்பாள். பார்க்கிறவர்கள்தான் "ஐயோ" என்பார்கள். அவள் ஏன் கத்துகிறார்கள் என்று திரும்பிப் பார்ப்பாள். முகமும் ஏறக்குறைய அப்படித்தான். நல்ல செய்தி, கெட்ட செய்தி இரண்டுக்கும் ஒரே "சரி". வோல்ஃபர்டின் முதல் குழந்தை பிறந்ததும் "சரி" என்றாள். அது இறந்ததும் "சரி" என்று சொல்லிவிட்டுத் தொட்டிலைக் கழுவி வெயிலில் வைத்தாள்.

ஆனால் அவளுக்கும் ஒன்று வேண்டியிருந்தது. ரொட்டிக்காரன் யூரியான், ஊரின் தென்கோடியில் அடுப்பு வைத்திருந்தவன், அவளுடைய நாலாவது வருஷத்தில் பெண் கேட்டான். "இன்னும் ரெண்டு வருஷம்தானே, நான் எங்க போகப்போறேன்?" என்றான். அன்றிலிருந்து அவள் நாள் எண்ணிக்கொண்டிருந்தாள் என்பது எல்லாருக்கும் தெரியும். சமையலறைக் கதவுக்குப் பின்னால் கரிக்கோடு போட்டுவைப்பாள், சனிக்கிழமை அதையும் துடைத்துவிடுவாள், ஞாயிற்றுக்கிழமை ஞாபகத்திலிருந்து மறுபடி போடுவாள்.

"அவனை உனக்குப் பிடிச்சிருக்காடீ?" என்று வோல்ஃபர்டின் மனைவி ஹில்லகோண்ட் ஒருமுறை கேட்டாள்.

"அவங்க வீட்டுல ரெண்டு அறைம்மா. ரெண்டுக்கும் கதவு இருக்கு" என்றாள் மாக்டெல்ட். அவள் இங்கே படுத்தது சமையலறை அடுப்புக்கும் பீர் பீப்பாய்க்கும் நடுவே.

இப்போது தொப்பியைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். ஆம்ஸ்டர்டாமில் ஒரு கனவான் தலையில் ஏறும் பீவர் தொப்பி, அதற்கு முன் இரண்டு குளிர்காலம் இங்கே யாரோ ஒரு மாக்வா வேட்டைக்காரரின் முதுகில் கிடந்தது. பீவர் என்பது ஆற்றில் அணை கட்டி வாழும் ஒரு பிராணி. அதன் தோலில் மேலே நீளமாக முரட்டு முடி, அடியில் பஞ்சுபோல மென்மயிர். தொப்பிக்கு மென்மயிர் மட்டும் போதும். தோலை அங்கியாகத் தைத்து, மயிர்ப்பக்கம் உள்ளே வரும்படி வெறும் உடம்பில் போட்டு, ஓடி, வேட்டையாடி, வியர்த்து, தூங்கி எழுந்தால் முரட்டு முடி தானாக உதிரும். உடம்புக் கொழுப்பு ஏறி மென்மயிர் பிசுபிசுவென்று ஆகும். தொப்பி செய்கிறவர்களுக்கு அந்தப் பிசுபிசுப்புதான் தேவை. எங்கள் ஊர் வியாபாரிகள் அப்படிப்பட்ட அங்கியைப் 'பழுத்தது' என்பார்கள். பழுத்த அங்கி ஒன்றுக்கு, புதுத் தோல் கட்டுக் கட்டாகக் கொடுத்தாலும் ஈடாகாது.

மாக்வாக்கள் முதலில் இதை நம்பவில்லை. எங்களிடம் வியாபாரத்துக்கு வரும் ஒரு அம்மாள் உண்டு. தெகோன்வா என்று தொடங்கும் நீளமான பெயர்; எங்கள் நாக்கு அந்த இடத்திலேயே களைத்துவிட்டதால் அவளை நாங்கள் தெகோன்வா என்றே கூப்பிட்டோம். எங்கள் மொழி நன்றாகப் பேசுவாள், முக்கியமாகக் கேலி செய்ய. தன் புருஷனின் பழைய அங்கியைக் கொடுத்துப் புதுக் கெண்டியும் இரண்டு கோடரியும் வாங்கிக்கொண்ட அன்று அவள் வோல்ஃபர்டிடம் கேட்டாள்:

"உங்க ஊர்ல துணியே கிடையாதா?"

"நிறைய இருக்கு தாயி."

"அப்ப எங்க வீட்டுக்காரர் அழுக்கை எதுக்குத் தலையில வச்சுக்கிறீங்க?"

வோல்ஃபர்ட் கையை மேலே கொண்டுபோய்த் தொட்டுப் பார்த்துக்கொண்டார். அவர் தலையிலும் ஒரு தொப்பி இருந்தது.

ஆறாவது வருஷம், ஏப்ரல் மாதம். மாக்டெல்டின் ஒப்பந்தம் முடிய ஐந்து வாரம். வோல்ஃபர்ட் தேவதாருக் காட்டுப் பக்கம் மாக்வாக்களை எதிர்கொண்டு அழைக்கப் போயிருந்தார். அதாவது அடுத்த வீட்டு வியாபாரி அழைப்பதற்கு முன்னால். ஹில்லகோண்டுக்குத் தங்கை வீட்டில் பிரசவம். கிளம்பும்போது மாடிப்படி அடியில் நின்று சொன்னாள்:

"மாக்டெல்ட், மான்ஹாட்டன்லேர்ந்து தோல் பார்க்கிறவர் வராரு. மேல்மாடில இருக்கறதெல்லாம் நான் வரும்போது ஸ்கோனா இருக்கணும், கேட்டுச்சா?"

"சரிம்மா."

எங்கள் மொழியில் அழகுக்கும் சுத்தத்துக்கும் ஒரே சொல்தான், ஸ்கோன். அழகான பெண்ணும் ஸ்கோன், துடைத்த தட்டும் ஸ்கோன். இருநூறு தலைமுறையாக எங்களுக்கு இதில் குழப்பமே வந்ததில்லை, ஏனென்றால் இரண்டும் வேறு என்று எங்களில் யாருக்கும் தோன்றியதில்லை.

மேல்மாடியில் ஏழு அங்கிகள் இருந்தன. ஏழும் பழுத்தவை. அந்த வருஷம் ஊரிலேயே அவ்வளவு நல்ல சரக்கு யாரிடமும் இல்லை. மாக்டெல்ட் போய்ப் பார்த்தாள். தொட்டுப் பார்த்தாள். பிறகு கீழே வந்து அடுப்பில் பெரிய கொப்பரையை ஏற்றினாள்.

சாம்பல் தண்ணீர் வெதுவெதுப்பாக இருந்தால் போதும் என்று அவளுக்குத் தெரியும். கை விட்டுப் பார்த்தாள். வெதுவெதுப்பாகத்தான் இருந்தது, அவள் கைக்கு. ஏழையும் நனைத்து, கட்டையால் அடித்து, மூன்று தண்ணீரில் அலசி, வேலியில் காயப்போட்டாள். அது சனிக்கிழமை. தெருவில் போனவர்கள் பார்த்துவிட்டு நின்றார்கள். அடுத்த வீட்டுப் பெண்மணி மட்டும், "எவ்வளவு பளிச்சுனு வந்திருக்கு!" என்று தன்னை அறியாமல் சொல்லிவிட்டுப் பிறகு வாயில் கை வைத்துக்கொண்டாள்.

மாலையில் ஹில்லகோண்ட் வந்தபோது அங்கிகள் காய்ந்துவிட்டிருந்தன. ஒன்றை எடுத்தாள். அது மடங்கவில்லை. பலகைபோல் நின்றது.

"என்னடீ பண்ணின?"

"ஸ்கோன் பண்ணிட்டேம்மா."

"நான் அழகா அடுக்கி வைக்கச் சொன்னேன்டீ பாவி!"

"அடுக்கறதுக்கு முன்னாடி தொவச்சேன்."

ஹில்லகோண்ட் அங்கேயே வேலியைப் பிடித்துக்கொண்டு உட்கார்ந்தாள். மாக்டெல்ட் அவளுக்குக் கீழே ஒரு சாக்கை விரித்தாள், பாவாடை அழுக்காகிவிடும் என்று.

வோல்ஃபர்ட் முதலில் பன்றிக் கொழுப்பைத் தடவிப் பார்த்தார். மறுவாரம் மான்ஹாட்டனிலிருந்து வந்தவர் ஒரு அங்கியை மூக்கருகே கொண்டுபோய், "இது மனுஷ வாசனை இல்லையே, காலை உணவு வாசனையா இல்ல வருது?" என்றார். ஏழையும் திருப்பிக் கொடுத்துவிட்டார்.

இந்த மாதிரி விவகாரம் வந்தால் நேராக நீதிமன்றத்துக்குப் போக மாட்டோம். ஊரில் இரண்டு 'நல்ல மனிதர்களை'க் கூட்டி வைத்துத் தீர்த்துக்கொள்வோம். நல்ல மனிதர்கள் என்பது பதவியின் பெயர். ஆளைப் பற்றி அது ஒன்றும் சொல்வதில்லை. அந்தத் தடவை ஒருவர் பீப்பாய் செய்யும் தியூனிஸ். இன்னொருவன் நான்.

வோல்ஃபர்டின் கூடத்தில் உட்கார்ந்தோம். பீர் வந்தது. மாக்டெல்டைக் கூப்பிட்டோம்.

"அம்மா என்ன சொன்னாங்க?" என்றார் தியூனிஸ்.

"ஸ்கோனா இருக்கணும்னு சொன்னாங்க."

"நான் சொன்னது அழகு!" என்று ஹில்லகோண்ட் கத்தினாள்.

மாக்டெல்ட் அவளைப் பார்த்தாள். "அழுக்கா இருக்கறது எப்படிம்மா அழகா இருக்கும்?"

நானும் தியூனிஸும் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டோம். ஒரு ஹாலந்துக்காரனை இப்படி ஒரு கேள்வி கேட்டால் அவன் என்ன செய்வான்? இன்னொரு பீர் கேட்பான். கேட்டோம்.

கடைசியில் தியூனிஸ்தான் அந்த யோசனையைச் சொன்னார். அதை நான் ஆமோதித்தேன் என்பதையும் சொல்லிவிட வேண்டும்.

"கழுவினது அவ. கழுவிப் போன கொழுப்பு மறுபடி ஏறணும். ஏத்தறதும் அவளே ஏத்தட்டும்."

"எப்படி அண்ணே?" என்றேன்.

"போட்டுக்கட்டும்."

எவ்வளவு காலம் ஆகும் என்று எங்களுக்குத் தெரியவில்லை. தெகோன்வா அன்று ஊரில் இருந்தாள், கூட்டி வந்தோம். கதையைக் கேட்டதும் சுவரைப் பிடித்துக்கொண்டு சிரித்தாள். கண்ணைத் துடைத்தாள். மறுபடி சிரித்தாள். பிறகு ஒரு அங்கியைத் தூக்கிப் பார்த்ததும் சிரிப்பு நின்றது.

"இது என் தம்பியோடது" என்றாள். "நல்ல அங்கி. ரெண்டு குளிர்காலம் போட்டான்."

"முரட்டு முடி ஏற்கெனவே உதிர்ந்தாச்சு. கொழுப்பு மட்டும் ஏறணும். எவ்வளவு நாள் ஆகும் தாயி?" என்றார் வோல்ஃபர்ட்.

"ஒரு வருஷம். யாரு போடறது?"

"இவ."

தெகோன்வா மாக்டெல்டைச் சுற்றி ஒருமுறை நடந்து வந்தாள்.

"வேட்டைக்குப் போவாளா?"

"இல்ல."

"ஆடுவாளா? யார்கிட்டயாவது சண்டை போடுவாளா? பிள்ளை பெத்துக்குவாளா?"

"கல்யாணமே இப்ப கூடாதுன்னுதான் ஒப்பந்தம்."

"அப்ப பத்து வருஷம்" என்று சொல்லிவிட்டு அவள் பீரைக் குடித்து முடித்தாள்.

நாங்கள் எங்கள் பெருந்தன்மையைக் காட்டினோம். பகலுக்கு ஒன்று, ராத்திரிக்கு ஒன்று என்று இரண்டை மாற்றி மாற்றி அணியலாம் என்றோம். அங்கியைக் கழுவியதற்காக வேறு எந்தத் தண்டனையும் இல்லை என்றோம். ஏழும் பழுக்கும்வரை தேவாலயத்தில் அவளுக்குக் கல்யாணத்தை அறிவிக்கும் ஓலை வாசிக்கக் கூடாது, அவ்வளவுதான். ஐந்து வாரத்தில் முடிய இருந்தது அப்படிக் கணக்கில்லாமல் நீண்டது.

"உனக்கு ஏதாவது சொல்லணுமா?" என்று கேட்டோம்.

"உள்பக்கம் மயிரா, தோலா?" என்றாள்.

"மயிர்."

"சரி."

முதல் வருஷம் ஒன்றும் நடக்கவில்லை. அவள் அணிந்தாள், வேலை செய்தாள், ஆற்றில் பனிக்கட்டியை உடைத்துத் துணி துவைத்தாள், அங்கியோடு தூங்கினாள். அடுத்த ஏப்ரலில் நல்ல மனிதர்களாகிய நாங்கள் போய்த் தடவிப் பார்த்தோம். மயிர் அன்று துவைத்ததுபோலவே பொசுபொசுவென்று, மணமே இல்லாமல் இருந்தது. ஒரு பெண்ணின் முதுகில் ஒரு வருஷம் கிடந்த அங்கி அப்படி இருக்கும் என்று நான் நினைக்கவில்லை. யாருமே போடாததுபோல் இருந்தது.

"இவளுக்கு வேர்க்கவே இல்லையா?" என்றார் வோல்ஃபர்ட்.

விறகு பிளக்கச் சொன்னார். பிளந்தாள். கோட்டைக்கும் வீட்டுக்கும் நடுவே ஓடச் சொன்னார். அங்கியைப் போட்டுக்கொண்டு தெருவில் ஓடினாள், கோட்டைச் சிப்பாய்கள் மதில்மேல் ஏறி நின்று, "பீவர் வருதுடா, வலையை எடு!" என்று கத்தினார்கள். அவள் ஓடி வந்து வாசலில் நின்றாள். மூச்சு வாங்கியது. நெற்றி காய்ந்திருந்தது. பட்டாணிக் கஞ்சியில் மிளகை அள்ளிப் போட்டுக் கொடுத்தாள் ஹில்லகோண்ட். சாப்பிட்டுவிட்டுக் கிண்ணத்தைக் கழுவி வைத்தாள்.

தெகோன்வாவைத்தான் மறுபடி கேட்டோம். இந்தத் தடவை அவள் சிரிக்கவில்லை.

"உள்ள சூடு இல்ல" என்றாள். "வெளியிலேர்ந்துதான் காட்டணும்."

ஊரிலேயே அதிகச் சூடு எங்கே? யூரியானின் ரொட்டி அடுப்பில்.

இதைவிட நல்லது ஒன்று நடக்க முடியாது என்று நாங்கள் எல்லாரும் நினைத்தோம். கல்யாணம் பண்ணிக்கொள்ளக் காத்திருக்கிற இருவரையும் ஒரே கூரைக்குக் கீழே, அதுவும் தர்மப்படி வைக்கிறோம். தியூனிஸ் அன்று வீட்டுக்குப் போகும்போது சீட்டியடித்துக்கொண்டு போனார்.

வியாபாரக் காலத்தில் யூரியானுக்கு மூச்சு விட நேரமிருக்காது. மாக்வாக்களுக்கு வெள்ளை மாவில் சர்க்கரை ரொட்டி பிடிக்கும். அதற்கு அவர்கள் தோல் கொடுப்பார்கள். ஆகவே வெள்ளை மாவெல்லாம் அங்கே போகும். எங்களுக்குத் தவிட்டு ரொட்டி. அதைத் தடுக்க நீதிமன்றத்தார் கட்டளை போட்டார்கள். கட்டளை போட்டவர்களுக்கு மட்டும் வெள்ளை ரொட்டி வீட்டுக்கே வந்தது. அப்புறம் கட்டளையைப் பற்றி யாரும் பேசவில்லை.

ஜூலை மாதத்தில், எரியும் அடுப்புக்கு முன்னால், பீவர் அங்கி போட்டுக்கொண்டு மாக்டெல்ட் நின்றாள். முதல் நாள் மத்தியானம் அவள் மேலுதட்டில் ஒரு துளி வந்தது. யூரியான் அதைப் பார்த்துவிட்டு வெளியே ஓடி வந்து தெருவில் கத்தினான்.

"வேர்த்துடுச்சு! வேர்த்துடுச்சு!"

வோல்ஃபர்ட் தொப்பியைக் கழற்றிக் கடவுளுக்கு நன்றி சொன்னார்.

ஒரு வருஷத்தில் முதல் இரண்டும் பழுத்தன. அடுத்த வருஷம் இன்னும் இரண்டு. யூரியான் நாளுக்கு நாள் உற்சாகமானான். ரொட்டி வாங்க வருகிறவர்களிடம் அவளைக் காட்டுவான்.

"இவ கைக்குச் சூடு தெரியாது அண்ணே. அடுப்புலேர்ந்து தட்டை வெறுங்கையால எடுப்பா. எனக்குத் துணிச் செலவே இல்ல."

"சம்பளம்?"

"வோல்ஃபர்ட் அனுப்பினவதானே? நான் எதுக்குக் கொடுக்கணும்? அங்கி பழுக்கறதுக்கு இடம் கொடுக்கறேன்னு அவருல்ல எனக்குத் தரணும்?"

மாக்டெல்ட் ரொட்டியைத் துணியில் சுற்றிக் கொடுத்தாள். அவள் முகத்தில் வியர்வை ஓடியது. வாசனையும் சேர்ந்துதான் வந்தது. ஊர் மூக்கைப் பொத்திக்கொண்டு ரொட்டி வாங்கியது. ஞாயிற்றுக்கிழமை தேவாலயத்தில் அவளுக்கு முன் பெஞ்சும் பின் பெஞ்சும் காலியாக இருக்கும். அவளால் சுத்தம் செய்ய முடியாத ஒரே பொருள் அவள்தான். குளித்தால் அங்கிக்கு ஆகாது என்று வோல்ஃபர்ட் சொல்லியிருந்தார். சனிக்கிழமைகளில் ரொட்டிக்கடைத் தரையைக் கழுவுவாள். அப்போது அங்கி நனையாமல் இருக்கக் கீழ்முனையைத் தூக்கி இடுப்பில் செருகிக்கொள்வாள்.

மூன்றாவது கோடையில் ஒரு நாள் அடுப்படியிலேயே விழுந்துவிட்டாள். நான் அப்போது கடையில் நின்றேன். யாரோ வாளியோடு ஓடி வந்தார்கள்.

"தண்ணி ஊத்தாதே!" என்று யூரியான் கையை விரித்துக்கொண்டு குறுக்கே பாய்ந்தான். "அங்கி! அங்கி!"

ரொட்டி எடுக்கும் நீளத் துடுப்பால் அவளுக்கு விசிறினான். பாவம், உண்மையிலேயே பயந்துபோயிருந்தான். கொஞ்ச நேரத்தில் அவள் கண் திறந்தாள்.

"நனையலையே?" என்று கேட்டாள்.

"நனையல, நனையல."

"சரி" என்று எழுந்து நின்றாள்.

அன்று அவனைத் தனியாக அழைத்து, "ஏம்பா, எப்பத்தான் கல்யாணம்?" என்று கேட்டேன். நல்ல மனிதன் என்ற முறையில் கேட்க வேண்டிய கேள்வி.

"இன்னும் மூணு அங்கி இருக்கே."

"மூணையும் ஒண்ணா போட்டா சீக்கிரம் முடியாதா?"

யூரியான் மாவுக் கையால் தலையைச் சொறிந்தான். "அவ்வளவு அவசரம் என்ன அண்ணே? அவதான் இங்கயே இருக்காளே."

அதைக் கதவுக்கு அந்தப் பக்கம் அவள் கேட்டிருக்க வேண்டும். கேட்டாள் என்று நான் சொல்ல மாட்டேன். அவள் முகத்தைப் பார்த்து அப்படி எதையும் சொல்ல முடியாது. ஆனால் மறுநாளிலிருந்து அவள் மூன்றையும் ஒன்றன்மேல் ஒன்றாகப் போட்டுக்கொண்டாள். யாரும் சொல்லாமல் அவள் தானாகச் செய்ததாக எனக்குத் தெரிந்தது அது ஒன்றுதான். உடம்போடு ஒட்டுவது தினமும் வேறொன்றாக இருக்கும்படி மாற்றி மாற்றிப் போட்டுக்கொள்வாள். நடக்கும்போது கை உடம்பை ஒட்டாமல் விலகியே நிற்கும். சிப்பாய்கள்கூடக் கேலியை நிறுத்திவிட்டார்கள்.

அடுத்த மே மாதம் ஏழும் முடிந்தன.

மான்ஹாட்டனிலிருந்து அதே ஆள் வந்தார். ஏழையும் வரிசையாகத் தடவினார், முகர்ந்தார், மயிரைக் கட்டைவிரலால் பிரித்துப் பார்த்தார். கடைசி மூன்றிடம் வந்ததும் அப்படியே நின்றுவிட்டார்.

"இருபது வருஷமா இந்த வேலை பண்றேன். இப்படிப் பழுத்ததைப் பார்த்ததில்ல" என்றார். "எந்த வேட்டைக்காரரோடது இது? நல்ல உழைப்பாளி போலிருக்கே."

"ஆமாங்க, நல்ல உழைப்பாளி" என்றார் வோல்ஃபர்ட்.

மாக்டெல்ட் அந்த ஆளுக்குப் பீர் ஊற்றிக்கொண்டிருந்தாள். பத்து வருஷத்துக்கு முன்னால் கொண்டுவந்த லினன் சட்டை மட்டும் போட்டிருந்தாள். இரண்டு கையையும் உடம்பைவிட்டு விலக்கியே வைத்திருந்தாள், அங்கி இன்னும் இருப்பதுபோல.

"குளிருதா மாக்டெல்ட்?" என்றேன்.

யோசித்தாள். "தெரியலைங்க."

வோல்ஃபர்ட் ஒப்பந்தத் தாளை எடுத்து வந்தார். நானும் தியூனிஸும் கையெழுத்துப் போட்டோம். மாக்டெல்ட் தன் குறியைப் போட்டாள். அன்று மாலை அவள் ஆற்றுக்குப் போய்க் குளித்தாள் என்று சொன்னார்கள். இரண்டு மணி நேரம் ஆனதாம். ஊர்ப் பெண்கள் பார்க்காததுபோல் கரையில் நின்று பார்த்தார்கள்.

மூன்று ஞாயிறு ஓலை வாசித்தார் போதகர். யாருக்காவது ஆட்சேபம் உண்டா என்று ஒவ்வொரு தடவையும் கேட்டார். ஒருவரும் எழவில்லை. ஆனால் இரண்டாவது ஞாயிறு முடிந்ததும் மூன்று வியாபாரிகளின் மனைவிமார் வெளியே மாக்டெல்டைச் சூழ்ந்துகொண்டார்கள்.

"எங்க வீட்டுக்கு வந்திடு மாக்டெல்ட், உனக்குத் தனி அறை தரேன். வேலையே வேணாம், சும்மா உட்கார்ந்து போட்டுக்கிட்டா போதும்."

"எங்க வீட்டுல மத்தியானம் இறைச்சி உண்டு."

யூரியான் நடுவே புகுந்து அவளைக் கூட்டிக்கொண்டு போனான். "என் பொண்டாட்டி அதெல்லாம் வெளியில போய்ப் பண்ண மாட்டா" என்றான் ரோஷமாக. அவன் இப்படிக் குரல் உயர்த்திப் பேசியதை யாரும் கேட்டதில்லை. எங்களுக்கெல்லாம் கொஞ்சம் பெருமையாகக்கூட இருந்தது.

கல்யாணம் ஜூன் மாதம். ரொட்டிக்கடை வாசலில் மேஜைகள் போட்டிருந்தார்கள். வெள்ளை ரொட்டி, வெண்ணெய், புகையில் வாட்டிய மீன், இனிப்புப் போட்ட பீர். தெகோன்வாவும் வந்திருந்தாள், கையில் ஒரு கூடை காட்டு ஸ்ட்ராபெரியோடு. மாக்டெல்ட் கறுப்பு உடுப்பில், வெள்ளைக் குல்லாயில், மேஜைத் தலைமாட்டில் உட்கார்ந்திருந்தாள். அவளுக்கு இருபக்கமும் ஆட்கள் நெருக்கமாக உட்கார்ந்திருந்தார்கள். அவள் இரண்டு பேரையும் மாறி மாறிப் பார்த்தாள்.

சாப்பாட்டுக்கு நடுவில் யூரியான் எழுந்தான். முகமெல்லாம் சிவந்திருந்தது. உள்ளே போய் ஒரு மூட்டையோடு வந்தான்.

"என் பொண்டாட்டிக்கு ஒரு பரிசு" என்றான். "யார்கிட்டயும் சொல்லல. ஒரு கோடை முழுக்கச் சர்க்கரை ரொட்டி கொடுத்துச் சேர்த்தது."

அவிழ்த்தான். பீவர் அங்கி. எட்டுத் தோல் சேர்த்துத் தைத்தது. மயிர் நீளமாக, முரடாக, பழுப்பாக மின்னியது. ஒருவர் முதுகிலும் இதுவரை ஏறாதது.

மேஜையைச் சுற்றி ஒரு பெருமூச்சு எழுந்தது. வோல்ஃபர்ட் எட்டி மயிரைத் தடவிப் பார்த்துவிட்டுத் தலையை ஆட்டினார்.

"புத்தம் புதுசு" என்றான் யூரியான். "ஆரம்பத்திலேர்ந்து நீயே போடலாம். முழுக்க முழுக்க நம்மளோடது."

மாக்டெல்ட் அங்கியைப் பார்த்துக்கொண்டிருந்தாள்.

"வேணாம்னு சொல்லு" என்றாள் தெகோன்வா. சத்தமாகச் சொல்லவில்லை. "இது குளிருக்குப் போடறது. எங்க ஊர்ல குளிருக்குத்தான் போடுவோம்."

யாரோ சிரித்தார்கள். மாக்டெல்ட் தெகோன்வாவைக் கொஞ்ச நேரம் பார்த்தாள், ஏதோ கேட்கப்போகிறவள் மாதிரி. பிறகு புருஷன் பக்கம் திரும்பினாள்.

"எவ்வளவு நாள் ஆகும்?"

"புதுசு இல்லையா, முடி உதிரணும். ரெண்டு குளிர்காலம்."

"இது ஒண்ணுதானா?"

யூரியான் மற்றவர்களைப் பார்த்துக் கண்ணைச் சிமிட்டினான். "இப்போதைக்கு" என்றான். எல்லாரும் கை தட்டினார்கள். தியூனிஸ் மேஜையில் குவளையால் தட்டினார்.

"சரி" என்றாள் மாக்டெல்ட்.

எழுந்து நின்று, மயிர்ப்பக்கத்தை உள்ளே திருப்பி, கல்யாண உடுப்புமேல் போட்டுக்கொண்டாள். அருகில் உட்கார்ந்திருந்தவர்கள் தங்கள் முக்காலிகளைச் சற்றே நகர்த்திப் போட்டுக்கொண்டார்கள். அவள் கத்தியை எடுத்து ரொட்டியை வெட்டத் தொடங்கினாள். என் பங்கு வந்தது. நன்றாக வெந்திருந்தது.